தினம் மாறும் ஷிப்ட்

அன்புள்ள ஐயா,
அமேசான் ஆற்றங்கரைக் கிராமங்களைப் பற்றி ஒரு வீடியோ பார்த்தேன். கால் நட்டுக் கட்டிய வீடுகள், படகில் பள்ளிக்குப் போகும் பிள்ளைகள், கடிகாரமே பார்க்காத வாழ்க்கை. ஐடி வேலையில் நொந்துபோன எனக்குப் பொறாமையாக இருந்தது. இவர்களைப் பற்றி வாசிக்க என்ன புத்தகங்கள் உண்டு?
– ஒரு வாசகர், வேளச்சேரி

அன்புள்ள தம்பி,
புத்தகப் பட்டியல் அப்புறம். வேலை அலுத்ததற்கு என்னிடம் மருந்தில்லை. ஆனால் ‘கடிகாரமே பார்க்காத வாழ்க்கை’ என்று எழுதினீர்கள் பாருங்கள், அதைச் சும்மா விட மனமில்லை.

பிரேசிலின் மனாஸ் நகரில், அமேசானில் சேரும் நீக்ரோ ஆறு வருடத்துக்குள் சுமார் 10 மீட்டர் ஏறி இறங்கும். வீட்டுக்குக் கால் நட்டது அழகுக்காக இல்லை. 2024 அக்டோபரில் அதே ஆறு, 1902 முதல் எடுத்துவரும் அளவுகளிலேயே மிகக் கீழே போனது. படகுதான் பஸ் என்றிருந்த ஊர்களுக்குக் குடிதண்ணீர் போய்ச் சேர்வதே பெரும்பாடாகிவிட்டது.

அவ்வளவு தூரம் எதற்கு? கும்மிடிப்பூண்டி ரயிலில் ஏறி எண்ணூரில் இறங்குங்கள். கொசஸ்தலை ஆறு கடலில் சேரும் இடம். வேலை பார்த்த காலத்தில் அந்தப் பக்கம் அடிக்கடி போவேன். இருளர் பெண்கள் இடுப்பளவு தண்ணீரில் குனிந்து, சேற்றைக் கையால் தடவி இறால் பிடிப்பார்கள். இரண்டு கையும் சேற்றில், பிடித்த இறாலைப் போடும் பனையோலைப் பறி பல்லில். பேச்சுக் கொடுத்தால் தலையாட்டல்தான் பதில். ஒரு அக்கா கரையேறிப் பறியை வாயிலிருந்து எடுத்ததும் பேசிய முதல் பேச்சு, “தண்ணி ஏறிடுச்சு. நாளைக்கு முக்கா மணி லேட்டா வரணும்.”

அதுதான் கடிகாரம். ஓதம், அதாவது கடல் தண்ணீர் ஏறி வற்றுவது, நாளுக்குக் கிட்டத்தட்ட 50 நிமிடம் தள்ளிப்போகும். இன்று விடியலில் வற்றும் தண்ணீர், ஒரு வாரம் கழித்து உச்சி வெயிலில் வற்றும். சோறு வடிப்பது, பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்புவது, தூங்குவது எல்லாம் அதன் பின்னால் ஓட வேண்டும். உங்கள் ஷிப்ட் மாதத்துக்கு ஒருமுறை மாறினாலே புலம்புகிறீர்கள், இவர்களுக்குத் தினம் மாறுகிறது. தவறவிட்டால் அன்றைய வருமானம் போச்சு. லீவ் லெட்டர் யாரிடம் கொடுப்பது?

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய்க் கழிவு வந்து அந்தச் சேற்றில் படிந்தது. ஓதம் நேரத்துக்குத்தான் வற்றியது, இறங்கத்தான் முடியவில்லை. இதற்கா ஐயா பொறாமை?

கோபித்துக்கொள்ளாதீர்கள், நல்ல மனசோடுதான் எழுதியிருக்கிறீர்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை போய்ப் பாருங்கள். தண்ணீர் எப்போது வற்றும் என்று முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள். கேமரா வேண்டாம். இறால் வாங்கினால் பேரம் பேசாதீர்கள்.