மணலில் புதையும் ட்ரொலித் தண்டவாளம்

வணக்கம். முல்லைத்தீவுக் கடற்கரையில் படப்பிடிப்புக் கமராவை ஏற்றி நகர்த்தும் ட்ரொலி ஓடும்போது தண்டவாளம் புதைந்து காட்சி குலுங்குவதாக எழுதியிருந்தீர்கள். ட்ரொலியில் குற்றமில்லை, ஆளும் கமராவும் ஏறிய பாரம் முழுவதும் ஒடுங்கிய தண்டவாளத்தின் வழியே இளகிய மணலில் இறங்குவதே காரணம். மேல்மணலை வழித்து, நீர் தெளித்து மிதித்து இறுக்கி, அகலமான பலகைகளைக் குறுக்கே பரப்பிய பின்னரே தண்டவாளத்தை வையுங்கள். தரையின் மிக உயர்ந்த இடத்தில் தொடங்கி, முதலில் ஒரு தண்டவாளத்தை நெடுக நீர்மட்டக் கருவியால் சமம் பார்த்து, தாழ்ந்த இடங்களில் மர ஆப்புகளைச் சோடியாக எதிரெதிரே செருகி உயர்த்தி, அதன் பிறகே மற்றதை அதற்குச் சமப்படுத்த வேண்டும். (இரண்டையும் ஒன்றாகத் தூக்கப் பார்த்தால் பொழுது சாய்ந்தாலும் வேலை முடியாது.) தண்டவாளத் துண்டுகள் சேரும் பொருத்துகளுக்கு நேர் கீழே கட்டாயம் ஆப்பு இருக்கட்டும், குலுக்கல் பெரும்பாலும் அங்கேதான் பிறக்கிறது. சக்கரம் கிறீச்சிட்டால் எண்ணெய் பூசாதீர்கள், மணல் ஒட்டிக்கொள்ளும். முகத்துக்குப் பூசும் பவுடரே போதும்.