தளிரைப் பார்த்து ஏமாறாதீர்கள்

வீட்டுத் தோட்டம்: வாசகர் கேள்விகளும் ரீச்சரின் பதில்களும்

கேள்வி: ரீச்சர், அடுக்குச் செவ்வரத்தையில் தடி வெட்டி ஆனி மாதம் நட்டேன். ஒரு கிழமையில் எல்லாம் தளிர்த்தன. பிறகு ஒவ்வொன்றாகக் கருகிவிட்டன. காலையும் மாலையும் தவறாமல் தண்ணீர் விட்டேன். எதில் குறை?
– வாசகி, உரும்பிராய்

பதில்: தளிர்த்தது உண்மை, வேர் பிடிக்கவில்லை. வெட்டிய தடிக்குள் மாப்பொருள் கொஞ்சம் சேமிப்பில் இருக்கும். கணுவில் உள்ள அரும்பு அதை வைத்தே விரிந்துவிடும், அதற்கு வேர் வேண்டியதில்லை. விரிந்த இலை நீரை வெளியே விடத் தொடங்கும், கீழிருந்து ஏற்றிக் கொடுக்க ஆளில்லை. கையிருப்பு தீர்ந்ததும் தடி கருகும். ஆனியில் சோளகக் காற்றும் சேர்ந்து வீசினால் கேட்கவே வேண்டாம்.

வேலிக்குக் கதியால் போடத் தெரியாத வீடு நம் ஊரில் உண்டா? கிளுவையையும் முள்முருக்கையும் மழையை அண்டித்தானே நடுகிறோம். பூஞ்செடி என்றதும் அந்தப் புத்தி எங்கேயோ போய்விடுகிறது. புரட்டாசிக் கடைசியிலோ ஐப்பசியிலோ வையுங்கள். காற்றில் ஈரம் இருக்கும், வெயிலும் தணிந்திருக்கும்.

தடியைத் தெரிவு செய்வதில்தான் பாதி வேலை. நுனிப் பச்சையும் வேண்டாம், அடியில் முற்றிய கட்டையும் வேண்டாம். வளைத்தால் சற்று வளைந்து கொடுத்து, பிறகு சட்டென்று முறியும் நடுப்பகுதி, பென்சில் பருமன், 6 அங்குல நீளம். காலையில் வெட்டுங்கள். கீழ்வெட்டு ஒரு கணுவுக்குச் சற்றுக் கீழே இருக்கட்டும், வேர் பெரும்பாலும் கணுவை ஒட்டித்தான் வரும். உச்சியில் இரண்டு இலையை விட்டு மற்றதைக் கிள்ளி, அந்த இரண்டையும் பாதியாகக் கத்தரியுங்கள். மொட்டு இருந்தால் இரக்கப்படாமல் கிள்ளி எறியுங்கள்.

மணலும் தேங்காய்த் தும்புத்தூளும் சரிபாதி. கடற்கரை மணல் கூடாது, உப்பு. மாட்டெருவும் இப்போது வேண்டாம், வேரில்லாத தடிக்குப் பசளை எதற்கு? ஒளி புகும் பிளாஸ்டிக் கப்பின் அடியில் துளையிட்டு நிரப்பி, முதலில் ஒரு குச்சியால் குழி குத்திவிட்டுத் தடியை இறக்குங்கள். நேரே குத்தினால் வெட்டுவாயில் பட்டை உரிந்துவிடும். இரண்டு கணுவாவது மண்ணுக்குள் போகவேண்டும். பெரிய சோடாப் போத்தலின் அடியை வெட்டி எடுத்துவிட்டு மேலே கவிழ்த்து, மூடியை மட்டும் கழற்றி விடுங்கள். மாமர நிழல் போதும். மண்ணைத் தொட்டால் ஈரம் தெரியவேண்டும், பிழிந்தால் சொட்டக்கூடாது. நீங்கள் இருவேளையும் ஊற்றிய தண்ணீர் அடியை அழுகவும் வைத்திருக்கும்.

அப்புறம், தினமும் பிடுங்கிப் பார்க்காதீர்கள். வெட்டுவாயில் முதலில் வெள்ளையாகத் திரண்டு வரும், அது காயம் ஆறுகிற அடையாளம். அதை அண்டித்தான் வேர் கிளம்பும். சரியாகப் பிடித்தால் நான்கு முதல் ஆறு கிழமைக்குள் கப்பின் சுவரில் வெள்ளை வேர் ஓடுவது வெளியிலிருந்தே தெரியும். ஒளி புகும் கப் என்று சொன்னது அதற்காகத்தான்.

கேள்வி: கடையில் வேர்விடும் ஹோர்மோன் தூள் கேட்டால் விலை சொல்கிறார்கள். கற்றாழைச் சாறு, தேன் போதுமா?
– வாசகர், சாவகச்சேரி

பதில்: செவ்வரத்தை, நந்தியாவட்டை, அலரி மூன்றுக்கும் எதுவுமே தேவையில்லை. போகன்வில்லாவுக்கும் எக்சோராவுக்கும் தூள் உதவும். வாங்கினால் ஒளி படாத குளிர்ந்த இடத்தில் வையுங்கள். தடியைப் பைக்குள் நேரே விடாமல், வேறு தட்டில் கொஞ்சம் கொட்டித் தொட்டு, மிகுதியைத் தட்டிவிடுங்கள். தேனைப் பிள்ளைகளுக்குக் கொடுங்கள். அலரி வெட்டுகிறவர்கள் கையை நன்றாகக் கழுவுங்கள். வெட்டிய கழிவை ஆடு எட்டுகிற இடத்தில் போடவேண்டாம், அதன் எல்லாப் பாகமும் நஞ்சு.

கேள்வி: கிளையில் பதி வைத்து, வேர்விடச் செய்து எடுத்த எக்சோரா. புதுக் குருத்து இலை மஞ்சள், நரம்பு மட்டும் பச்சை. யூரியா போட்டும் மாறவில்லை.
– வாசகர், சுன்னாகம்

பதில்: யூரியாவை நிறுத்துங்கள். அது கொடுப்பது நைதரசன். நைதரசன் குறைந்தால் முதலில் மஞ்சளாவது அடியிலுள்ள முதிர்ந்த இலை. குருத்து மஞ்சளாகி நரம்பு பச்சையாக நின்றால் பெரும்பாலும் அது இரும்புக் குறை. உங்கள் பக்கத்துக் கிணற்றுத் தண்ணீரை நாலு நாள் கொதிக்க வைத்த கேத்திலின் அடியைப் பாருங்கள், வெள்ளைப் படிவு. வலிகாமத்தின் செம்மண்ணுக்குக் கீழே சுண்ணாம்புக்கல், தண்ணீரும் அதில் ஊறி வருவதுதான். மண்ணில் இரும்பு இருக்கும், சுண்ணாம்பு இருக்கிற இடத்தில் அதை எக்சோராவால் எடுக்க முடியாது. எக்சோரா என்கிற வெட்சி இனமே கொஞ்சம் புளிப்பான மண்ணைத்தான் விரும்பும்.

சீமெந்து மதிலடியில் வைத்திருந்தால் முதலில் அங்கிருந்து எடுங்கள். பெரிய சாடியில் கூட்டெருவும் இலைமக்கும் தாராளமாகக் கலந்து வைத்து, மாரியில் கூரைப் பீலித் தண்ணீரைப் பிடித்து வைத்து அதையே ஊற்றுங்கள். அவசரத்துக்கு இரும்புச் சத்துக் கரைசலை இலையில் தெளிக்கலாம், மண்ணில் போட்டால் அதுவும் கட்டுப்பட்டுவிடும். இவ்வளவு பாடு வேண்டாம் என்றால் அலரியும் தேமாவும் சுண்ணாம்பு மண்ணில் முகம் சுளிக்காமல் வளரும். தேமாக் கொப்பைப் பால் காயும்வரை ஒரு கிழமை நிழலில் போட்டுவிட்டு நடுங்கள், இல்லாவிட்டால் அழுகும்.

கேள்வி: ஒட்டு ரோசாவின் அடியிலிருந்து ஒரு கிளை வேகமாக ஓடுகிறது. பூவே இல்லை. வெட்டுவதா?
– வாசகி, பருத்தித்துறை

பதில்: ஒட்டுக்குக் கீழே இருந்து வந்தால் அது ரோசாவை ஒட்டிய அடிக்கட்டையின் கிளை. மண்ணைக் கிளறி, புறப்பட்ட இடத்திலேயே பிய்த்து எடுங்கள். மேலாகக் கத்தரித்தால் திரும்ப வரும்.

கேள்வி: பழைய வளவை விற்கப் போகிறோம். அம்மா வைத்த நந்தியாவட்டையில் ஒரு தடியைப் பயணப் பையில் கனடாவுக்குக் கொண்டுபோகலாமா?
– வாசகி, ரொறன்ரோ

பதில்: பைக்குள் ஒளித்துக் கொண்டுபோகிற கதை வேண்டாம், தங்கச்சி. நடுவதற்கான செடிக்கு அந்த நாட்டின் இறக்குமதி அனுமதியும், இங்கிருந்து தாவரச் சுகாதாரச் சான்றிதழும் வேண்டும். மண்ணோடு என்றால் பேச்சே இல்லை. எல்லாம் கிடைத்தாலும் அங்கத்தைய பனியில் வெளியே நிற்காது, ஆயுள் முழுக்க சாடியும் யன்னலும்தான்.

ஊரில் சொந்தக்காரர் யாராவது இருப்பார்கள்தானே? ஐந்தாறு தடி வெட்டி, பால் வடிந்து நிற்கும்வரை தண்ணீரில் வைத்து, முதல் பதிலில் சொன்னபடி நட்டு, இரண்டு மூன்று வீடுகளுக்குப் பிரித்துக் கொடுங்கள். ஒரு வீட்டில் பட்டுப்போனாலும் இன்னொன்றில் நிற்கும். காணி உறுதி எழுதுவதற்கு முன்பே வெட்டிவிடுங்கள், பிறகு புது ஆட்களிடம் வேலிக்கு மேலால் கேட்க வேண்டி வரும்.