யூஜீனியா சார்ல்ஸ் பற்றிய உரை: எங்கே தொடங்குவது?

கல்லூரியில் ஐந்து நிமிடம் பேச வேண்டும், கையில் இருப்பது கரீபியன் தீவு நாடான கிரெனடா மீது 1983இல் அமெரிக்கா நடத்திய படையெடுப்பும் 'கரீபியனின் இரும்புப் பெண்மணி' என்ற பட்டமும் மட்டும் என்று எழுதியிருக்கிறீர்கள். முதலில் ஒரு திருத்தம். யூஜீனியா சார்ல்ஸ் பிரதமராக இருந்தது டொமினிகா என்ற குட்டிக் கரீபியன் தீவில். நீங்கள் எழுதியிருக்கும் டொமினிகன் குடியரசு வேறு நாடு. பலரும் இதில் தடுமாறுகிறார்கள், கவலை வேண்டாம்.

உரையை 1968இல் தொடங்குங்கள். 1949இல் ஊர் திரும்பி, டொமினிகாவின் முதல் பெண் வழக்கறிஞராகக் கிட்டத்தட்ட இருபது வருடம் தொழில் பார்த்தவர் அவர். அரசியலுக்கு வரும் எண்ணமே இல்லை. 1968இல், அப்போது டொமினிகாவை ஆண்ட எட்வர்ட் லெப்ளாங்க்கின் அரசு, பத்திரிகைகளின் வாயை அடைக்க ஒரு ராஜதுரோகச் சட்டம் கொண்டுவந்தது. அதை எதிர்த்துத்தான் 49 வயதில் தெருவில் இறங்கினார். அவருடைய டொமினிகா சுதந்திரக் கட்சி பிறந்தது அப்படித்தான். எனக்கு அவரிடம் மிகவும் பிடித்த இடம் இதுதான். சட்டம் படித்தவருக்கு ஒரு கெட்ட சட்டம் எங்கே போய் முடியும் என்று தெரிந்திருந்தது.

அப்புறம் வேகமாகப் போகலாம். 1975இல் எதிர்க்கட்சித் தலைவர். 1979இல் டேவிட் புயல் தீவின் பெரும்பாலான கூரைகளைப் பிடுங்கிப் போட்டது. அடுத்த வருடம் தேர்தலில் வென்று பிரதமரானார். 1981இல் அவரைக் கவிழ்க்கச் சதிகள் நடந்தன, தப்பித்து 1995 வரை ஆண்டார்.

கிரெனடாவுக்கு ஒரு நிமிடம் போதும். அந்தப் படையெடுப்பை ஆதரித்து அமெரிக்க அதிபர் ரீகன் பக்கத்தில் அவர் நின்றதை விமர்சித்தவர்களும் உண்டு, அதையும் மறைக்காமல் சொல்லுங்கள்.