துரத்தப்பட்டது குற்றத்துக்குச் சாட்சியா?

கேள்வி: காசாவில் நடப்பதைப் பார்த்து ரத்தம் கொதிக்கிறது. எனக்கு வாட்ஸ்அப்பில் வந்த ஒரு செய்தி, யூதர்கள் நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகளிலிருந்து துரத்தப்பட்டவர்கள் என்று பட்டியலே போட்டிருக்கிறது. போன இடமெல்லாம் ஒருவனைத் துரத்தினால் குற்றம் அவனிடம்தானே இருக்கும்? வட்டியும் பேராசையும் அவர்கள் மதத்திலேயே ஊறியவை என்பது உண்மையா?
— வாசகர் ஒருவர், கும்பகோணம்

பதில்: காசாவில் சாகும் குழந்தைகளுக்காக உங்கள் ரத்தம் கொதிக்கிறது என்றால் அது நியாயமான கோபம். அந்தக் குண்டுகளுக்கு உத்தரவிட்டவர்களுக்குப் பெயர் உண்டு, பதவி உண்டு. பெயர் சொல்லியே கண்டியுங்கள். ஆனால் கேள்வியின் பாதியில் அரசை விட்டுவிட்டு ஓர் இனத்தைப் பிடித்துக்கொண்டீர்கள். மூவாயிரம் ஆண்டு வரலாறு கொண்ட மக்களை ஒரு வாட்ஸ்அப் பட்டியலை வைத்துக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதை என்னால் ஒப்புக்கொள்ள முடியாது.

அந்தப் பட்டியலில் இங்கிலாந்து நிச்சயம் இருக்கும்: 1290. அங்கே என்ன நடந்தது என்று மட்டும் நிதானமாகப் பாருங்கள்.

1066-இல் இங்கிலாந்தை வென்ற நார்மன் மன்னன் வில்லியம், பிரான்சின் ரூவான் நகரத்து யூதர்களைத் தன் புதிய நாட்டுக்குக் கொண்டுவந்தான். கிறிஸ்தவன் கிறிஸ்தவனிடம் வட்டி வாங்கக்கூடாது என்பது திருச்சபையின் சட்டம். மன்னனுக்கோ, கோட்டை கட்டவும் படை நடத்தவும் பணம் வேண்டும். யூதர்களுக்குக் கைவினைஞர் சங்கங்களின் கதவு அடைத்திருந்தது. நிலமும் எளிதில் வாய்க்கவில்லை. திறந்து வைத்திருந்த ஒரே பெரிய வாசல் கடன் கொடுக்கும் தொழில். சட்டத்தின் பார்வையில் யூதன் மன்னனின் உடைமை. அவன் சம்பாதித்ததில் மன்னன் நினைத்தபோதெல்லாம் வரியாகப் பிடுங்கலாம்.

லிங்கன் நகரத்து ஆரோன் என்பவர் அக்காலத்தில் நாட்டின் பெரும் பணக்காரர்களில் ஒருவர். தேவாலயங்களும் மடங்களும் கட்டக் கடன் கொடுத்தவர். 1186-இல் அவர் இறந்ததும் இரண்டாம் ஹென்றி அவர் சொத்தை அப்படியே எடுத்துக்கொண்டான். அவருக்கு மற்றவர்கள் தர வேண்டியிருந்த கடன்களை வசூலிக்கக் கருவூலத்தில் தனிப் பிரிவே திறக்கப்பட்டது. கடன் வாங்கியவன் கண்ணுக்கு யூதன் தெரிந்தான். பணம் போய்ச் சேர்ந்த இடம் அரண்மனை.

1190 மார்ச்சில் யார்க் நகரில் கலவரம் வெடித்தது. ஏறக்குறைய 150 யூதர்கள் கோட்டைக் கோபுரத்தில் தஞ்சம் புகுந்தார்கள். வெளியே கும்பல் சூழ்ந்து நின்றது. பலர் தங்கள் மனைவி மக்களைக் கொன்று தாங்களும் உயிரை மாய்த்துக்கொண்டார்கள். ஞானஸ்நானம் பெற்றால் உயிர் பிழைக்கலாம் என்ற வாக்கை நம்பி வெளியே வந்தவர்களையும் வெட்டிப் போட்டார்கள். அதன் பிறகு கும்பல் எங்கே போயிற்று தெரியுமா? நேரே பேராலயத்துக்குப் போய், அங்கே பாதுகாப்பில் இருந்த கடன் பத்திரங்களை எடுத்து எரித்தது. முன்னின்று நடத்தியவர்களில் யூதர்களிடம் கடன்பட்ட பெருந்தனக்காரர்கள் இருந்தார்கள். அரசு கற்ற பாடமும் வேடிக்கையானது: 1194 முதல் ஒவ்வொரு கடன் பத்திரத்துக்கும் நகல் வைக்க ஏற்பாடு செய்தார்கள். அடுத்த முறை யூதன் செத்தாலும் மன்னனின் வருமானம் சாகக்கூடாதல்லவா?

பிழிந்து பிழிந்து சமூகமே வறண்டது. 1275-இல் முதலாம் எட்வர்டு யூதர்கள் வட்டிக்குக் கொடுப்பதைத் தடை செய்தான். ஏழு வயதைத் தாண்டியவர்கள் எல்லாரும் மஞ்சள் துணி அடையாளம் அணிய வேண்டும் என்றான். வேறு தொழில் செய்யச் சொன்னவன், அத்தொழில்களின் சங்கக் கதவுகளைத் திறந்துவிடவில்லை. பிறகு நாணயங்களின் ஓரத்து வெள்ளியைச் சுரண்டினார்கள் என்று குற்றம் சாட்டி லண்டனில் இருநூறுக்கும் மேற்பட்ட யூதர்களைத் தூக்கிலிட்டார்கள். 1290-இல் எஞ்சியிருந்த சில ஆயிரம் பேரையும் நாடு கடத்தியாயிற்று. அவர்களுடைய வீடுகளும் வரவேண்டிய கடன்களும் மன்னனுக்கு. அதே ஆண்டு நாடாளுமன்றம் அவனுக்கு ஒரு பெரிய வரியையும் அனுமதித்தது.

அத்தோடு இங்கிலாந்தில் வட்டி ஒழிந்ததா? எட்வர்டுக்குக் கடன் கொடுத்துக்கொண்டிருந்தவர்கள் இத்தாலியின் லூக்கா நகரத்து ரிக்கார்டி நிறுவனத்தார். அடுத்து வந்தவர்கள் ஃப்ளோரன்ஸின் ஃப்ரெஸ்கோபால்டிகள். எல்லாரும் நல்ல கத்தோலிக்கர்கள். அவர்களை வைத்து யாரும் கத்தோலிக்க மதமே பேராசை மதம் என்று எழுதவில்லை.

பிரான்சைப் பாருங்கள். 1306-இல் துரத்தினார்கள். 1315-இல் திரும்ப அழைத்தார்கள். 1394-இல் மறுபடி துரத்தினார்கள். இப்படித் துரத்தியும் அழைத்தும் மீண்டும் துரத்தியும் நடந்த ஒரே நாட்டின் கதையைத்தான் உங்கள் பட்டியல் பல வரிகளாக எண்ணுகிறது. குற்றவாளிகள் என்றால் ஒன்பது ஆண்டில் ஏன் கூப்பிட்டார்கள்? கஜானா காலி, அவ்வளவுதான்.

1348-இல் கொள்ளைநோய் பரவியபோது, யூதர்கள் கிணறுகளில் நஞ்சைக் கலந்தார்கள் என்று கிளப்பிவிட்டார்கள். யூதர்களும் அதே நோயில்தான் சாகிறார்கள் என்று போப் ஆறாம் கிளமென்ட் ஆணையிட்டுச் சொல்லியும் கேட்பாரில்லை. 1349 பிப்ரவரி 14 அன்று ஸ்ட்ராஸ்பர்க்கில் நூற்றுக்கணக்கான யூதர்களை எரித்தார்கள். அந்த ஊருக்கு அப்போது நோய் வந்து சேரவே இல்லை. கடன்கள் மட்டும் ரத்தாயின.

துரத்தப்பட்டவர்களை வரவேற்றவர்களும் உண்டு. 1264-இல் போலந்தின் காலிஷ் நகரில் ஒரு பிரபு யூதர்களுக்குப் பாதுகாப்புச் சாசனம் எழுதிக் கொடுத்தார். 1492-இல் ஸ்பெயின் துரத்தியவர்களுக்கு ஒட்டோமான் சுல்தான் இரண்டாம் பயேசித், ஒரு முஸ்லிம் மன்னர், தன் நாட்டில் இடம் கொடுத்தார். இதையெல்லாம் அந்தச் செய்தி எழுதியவர் சேர்க்கவில்லை.

இனி மதம். யூத வேதமான தோராவின் யாத்திராகமம் என்ற பகுதியில் ஒரு கட்டளை: ஏழையின் போர்வையை அடகாக வாங்கினால் பொழுது சாய்வதற்குள் திருப்பிக் கொடு, அவன் எதைப் போர்த்திக்கொண்டு படுப்பான்? ஏழாம் ஆண்டில் கடனை விட்டுவிடச் சொல்கிறது அதே வேதத்தின் இன்னொரு பகுதியான உபாகமம். சகோதரனிடம் வட்டி வாங்காதே, அந்நியனிடம் வாங்கலாம் என்ற வரியும் அதில்தான் இருக்கிறது. அதை நான் மறைக்கவில்லை. ஆனால் அந்த ஒரு வரியைத் தவிர வேறெதையும் படிக்காதவர்கள்தான் யூத மதம் பற்றி அதிகம் பேசுகிறார்கள். பன்னிரண்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த மைமோனிடிஸ், எகிப்தில் அரசவை மருத்துவராக இருந்த பேரறிஞர், தர்மத்தை எட்டுப் படிகளாகப் பிரித்தார். உச்சப் படி எது? நொடித்துப்போனவன் பிறர் கையை எதிர்பார்க்காமல் நிற்கும்படி அவனுக்குக் கடனோ கூட்டுத் தொழிலோ வேலையோ கொடுப்பது. தங்களுக்குள் வட்டியில்லாக் கடன் கொடுக்கும் நிதிகளை யூதச் சமூகங்கள் இன்றும் நடத்துகின்றன.

அந்த மதம் நின்ற விதமே வேறு. கி.மு. 586-இல் பாபிலோனியர் ஜெருசலேம் ஆலயத்தை இடித்தார்கள். திரும்பக் கட்டினார்கள். கி.பி. 70-இல் ரோமானியர் அதையும் எரித்தார்கள். அங்கிருந்து கொள்ளையடித்த ஏழு கிளை விளக்கை வீரர்கள் சுமந்து செல்வதை ரோமிலுள்ள டைட்டஸ் வளைவில் இப்போதும் பார்க்கலாம். ஆலயம் இல்லை என்றால் பலி இல்லை. பலி இல்லாமல் பூசாரிக்கு வேலை இல்லை. அக்காலத்து மதம் ஒன்று அத்தோடு முடிந்துபோவதுதான் வழக்கம். முற்றுகையிட்ட நகரிலிருந்து யோகனான் பென் சக்காய் என்ற ஆசிரியரைச் சவப்பெட்டியில் வைத்து வெளியே கடத்தினார்கள் என்பது யூத மரபுக் கதை. ரோமானியத் தளபதியிடம் அவர் முக்கியமாகக் கேட்டது யவ்னே என்ற சிற்றூரையும் அங்குள்ள அறிஞர்களையும். கதையில் எவ்வளவு உண்மையோ, விளைவு உண்மை. பலிபீடம் இருந்த இடத்தில் படிப்பு வந்தது. சுமார் கி.பி. 200-இல் வாய்மொழியாக வந்த மதச் சட்டங்கள் மிஷ்னா என்ற நூலாகத் தொகுக்கப்பட்டன, அதன் மேல் எழுந்த விவாதங்கள் தல்மூத் ஆயின. தோற்ற கட்சியின் வாதத்தையும் அழிக்காமல் எழுதி வைத்த நூல் அது. பத்து ஆண்கள் கூடினால் எந்த ஊரிலும் கூட்டு வழிபாடு நடக்கும். கோபுரமும் மானியமும் தேவையில்லை. இந்தச் சாதனையைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மரியாதை கூடுகிறது.

எல்லா யூதர்களும் வட்டிக்காரர்களா? ஏமனில் வெள்ளித் தட்டார்கள், கிழக்கு ஐரோப்பாவில் தையற்காரர்கள், செருப்புத் தைப்பவர்கள். நம் கொங்கணக் கரையில் பெனே இஸ்ரேல் யூதர்கள் செக்காட்டினார்கள். சனிக்கிழமை செக்கை நிறுத்திவிடுவதால் ஊரார் அவர்களைச் ‘சனிவாரத் தேலி’, அதாவது சனிக்கிழமை எண்ணெய்க்காரர்கள், என்றார்கள்.

கொச்சிக்குப் போனால் மட்டாஞ்சேரி ஜெபஆலயத்தைப் பாருங்கள். 1568-இல் கட்டியது. சேர மன்னன் பாஸ்கர ரவிவர்மன் சுமார் 1000-ஆம் ஆண்டில் ஜோசப் ரப்பான் என்ற யூத வணிகர் தலைவருக்கு வழங்கிய செப்பேடுகள் அந்தச் சமூகத்திடம் இருந்து வந்தவை. வட்டெழுத்தில் பொறித்தவை. பகல்விளக்கு, பாவாடை (நடக்க விரிக்கும் துணி), குடை, தோரணம் என்று அதிலுள்ள உரிமைகளின் பெயர்கள் நமக்கு விளங்கும். போர்த்துகீசியர்கள் துன்புறுத்தினார்கள், கொச்சி மன்னர் தன் அரண்மனையை ஒட்டியே குடியிருக்க இடம் கொடுத்தார். குறையே இல்லை என்று சொல்லமாட்டேன்: நம் சாதிநோய் அவர்களையும் தொற்றியது. மட்டாஞ்சேரி ஜெபஆலயத்தில் வெள்ளை யூதர்களுக்குச் சமமாக உட்காரும் உரிமை கேட்டு ஆபிரகாம் பராக் சேலம் சத்தியாகிரகம் செய்ய வேண்டியிருந்தது. ஆனால் ஊர் யாரையும் துரத்தவில்லை. 1950-களில் பெரும்பாலோர் தாங்களாகவே இஸ்ரேலுக்குப் புறப்பட்டுப் போனார்கள்.

அதே மக்கள், அதே தோரா, அதே சனிக்கிழமை ஓய்வு. யார்க்கில் வெட்டிப் போட்டார்கள், கொச்சியில் அரண்மனை ஓரம் வீடு கொடுத்தார்கள். வித்தியாசம் யூதர்களிடம் இருந்ததா, ஆண்டவர்களிடமா?

இஸ்ரேல் அரசைக் கண்டித்து எழுதுங்கள், இந்தப் பக்கத்தில் இடம் தருகிறேன். அந்தப் பட்டியலை ஆதாரமாக வைத்து எழுதும் கடிதங்களுக்கு இங்கே இடமில்லை.