தவிடு ஒளிந்திருக்கும் மாத்திரை

மருந்துச் சீட்டு: வாசகர் கேள்வி பதில்

என் மாமனாருக்கு 71 வயது. இதயம் பலவீனம், காலில் நீர் கோத்துக்கொள்கிறது. மூன்று வருஷமாக ‘ஃப்ருசமைடு’ 40 சாப்பிட்டார். நடுவில் ஒரு மாதம் அட்டையில் ‘ஃபுரோசமைடு’ என்று இருந்தது. இப்போது டாக்டர் அதை நிறுத்திவிட்டு ‘டார்செமைடு’ 20 எழுதியிருக்கிறார். மூன்றும் ஒன்றா? இந்தப் பெயர்களுக்குப் பொருள் ஏதாவது உண்டா? வேலூருக்குச் செக்கப் வரும் நாளில் பஸ்ஸில் அவஸ்தை என்று மாத்திரையே போட மாட்டேன் என்கிறார்.
– ஒரு வாசகி, குடியாத்தம்

முதல் இரண்டும் ஒரே ஆள். மூன்றாவது அவருடைய பங்காளி. எல்லாமே உடம்பில் தேங்கிய நீரைச் சிறுநீராக வெளியேற்றும் நீர் மாத்திரைகள்.

ஃப்ருசமைடு என்பது பிரிட்டிஷ்காரர்கள் வழங்கிய பெயர். நாமும் வெகுகாலம் அதையே பிடித்துக்கொண்டிருந்தோம். உலக சுகாதார நிறுவனம் ஒரு மருந்துக்கு உலகம் முழுக்க ஒரே பொதுப்பெயர் இருக்கட்டும் என்று 1953-ல் முதல் பட்டியலை வெளியிட்டது. அந்த முறைப்படி இதற்கு வாய்த்த பெயர் ஃபுரோசமைடு. பிற்பாடு பிரிட்டனே பழைய பெயரை விட்டுவிட்டது. உள்ளே இருக்கும் மருந்தில் ஒரு துளி மாற்றமில்லை.

பொருள் கேட்டீர்கள். எனக்குப் பிடித்த இடம் இதுதான். லத்தீனில் ‘ஃபர்ஃபுர்’ என்றால் தவிடு. ஆரணிப் பக்கம் அரிசி மில் வாசலில் மூட்டை மூட்டையாக அடுக்கியிருக்குமே, அந்தத் தவிடுதான். தவிட்டை அமிலத்தில் காய்ச்சி வடித்த எண்ணெய் போன்ற திரவத்துக்கு ஃபர்ஃபுரால் என்று பெயர் வைத்தார்கள். அதில் இருக்கும் அணு வளையம் ஃபுரான். அந்த வளையம் ஒன்று உங்கள் மாமனாரின் பழைய மாத்திரையில் ஒட்டிக்கொண்டிருப்பதால்தான் ‘ஃபுரோ’. மாத்திரையில் தவிடு கிடையாது, பெயரில் மட்டும்தான்! டார்செமைடில் அந்த வளையமும் இல்லை. ஆனால் ‘செமைடு’ என்ற வால் இருக்கிறது பாருங்கள், அது குடும்பப் பெயர். எந்த நீர் மாத்திரையின் பெயர் அப்படி முடிந்தாலும் ஃபுரோசமைடு வகையறா என்று புரிந்துகொள்ளலாம். சில அட்டைகளில் ‘டோராசெமைடு’ என்று இருக்கும். அதுவும் டார்செமைடுதான்.

இந்த வகையறா வேலை செய்யும் இடம் சிறுநீரகத்துக்குள் இருக்கும் ஒரு கொண்டை ஊசி வளைவு. ஏலகிரிக்கு ஏறும்போது 14 வளைவு எண்ணுவோம், சிறுநீரகத்தில் லட்சக்கணக்கில். ஹென்லே என்ற ஜெர்மானியர் 1862-ல் விவரித்ததால் அதற்கு ஹென்லே வளைவு என்று பெயர். சிறுநீரகம் ஒரு நாளைக்குச் சுமார் 180 லிட்டர் வடிகட்டுகிறது. கிட்டத்தட்ட அத்தனையையும் திரும்ப உறிஞ்சிக்கொண்டு ஒன்றரை, இரண்டு லிட்டரைத்தான் வெளியே விடுகிறது. வடிகட்டிய உப்பில் ஏறக்குறைய கால் பங்கை மீட்பது இந்த வளைவில் மேலேறும் பக்கம். மாத்திரை அந்த வாசலை அடைத்துவிடும். உப்பு வெளியே போகும், தண்ணீர் அதன் பின்னாலேயே போகும். மாங்காயில் உப்பைப் போட்டு ஜாடியை மூடி வைத்தால் மறுநாள் தண்ணீர் விட்டிருக்கும் அல்லவா, உப்பு இழுத்தால் தண்ணீர் வரும். அதனால்தான் மாத்திரையையும் போட்டுக்கொண்டு ஊறுகாயையும் தொட்டுக்கொண்டால் கால் வீக்கம் வடியாது.

அடுத்து எண். 40 போய் 20 வந்ததும் ‘டோஸைப் பாதியாக்கிவிட்டார்’ என்று நினைத்து, இரண்டு போட்டுக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன். வாயால் சாப்பிடும் ஃபுரோசமைடு 40 மில்லிகிராமும் டார்செமைடு 20 மில்லிகிராமும் ஏறக்குறைய சம பலம். ஃபுரோசமைடு ஒருவர் குடலில் நன்றாக ஏறும், இன்னொருவருக்குப் பாதிகூட ஏறாது. டார்செமைடு பெரும்பாலும் முழுசாக ஏறிவிடும். வீட்டில் மிச்சமிருக்கும் பழைய அட்டையை இன்றைக்கே எடுத்துவிடுங்கள். பங்காளிகள் இருவரையும் ஒரே நாளில் உள்ளே விட்டால் ரத்த அழுத்தம் இறங்கி மனிதர் மயங்கி விழுவார்.

பஸ் விஷயத்துக்கு வருகிறேன். ஃபுரோசமைடின் பழைய வணிகப் பெயர் லேசிக்ஸ். ‘லாஸ்ட்ஸ் சிக்ஸ்’, அதாவது ஆறு மணி நேரம் நிற்கும் என்பதைச் சுருக்கி வைத்த பெயர் என்பார்கள். அந்தப் பெயரை நான் மறக்காமல் இருப்பதற்குக் காரணம் என்னுடைய ஒரு தப்பு. மருந்துக் கவுன்ட்டரில் நின்ற புதிதில், அணைக்கட்டுப் பெரியவர் ஒருவரின் கவரில் 1-0-0 (காலை மட்டும்) என்று எழுத வேண்டியதை 0-0-1 (இரவு மட்டும்) என்று எழுதிவிட்டேன். மூன்றாம் நாள் வந்து நின்றார். கண் சிவந்து கிடந்தது. “ராவெல்லாம் பத்து வாட்டி எழுந்துகினே இருந்தேன் நைனா, இருட்டுல வாசப்படி தடுக்கி உழுந்துட்டேன்” என்று முழங்காலைக் காட்டினார். சிராய்ப்போடு போயிற்று. அன்றிலிருந்து நீர் மாத்திரை என்றால் கவரில் எண்ணோடு ஒரு சூரியனும் வரைந்து கொடுப்பேன்.

ஆக, காலையில்தான் போட வேண்டும். இரண்டாம் வேளை எழுதியிருந்தால் மாலை நான்கு மணிக்குள். போட்ட முதல் இரண்டு மணி நேரம்தான் ஓட்டம் அதிகம், டார்செமைடுக்கும் அதே கணக்கு. செக்கப் நாளில் மாத்திரையை அடியோடு விடாதீர்கள். ஊர் திரும்பி மதியம் போடலாமா என்று டாக்டரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள், பலர் சரி என்பார்கள். தினமும் காலையில் சிறுநீர் கழித்தபின் எடை பார்த்துக் காலண்டரில் குறியுங்கள். மூன்று நாளில் இரண்டு கிலோ கூடினால் அடுத்த செக்கப் வரை காத்திருக்காமல் கிளம்பி வாருங்கள்.

‘சிறுநீர்ப் பெருக்கி’ என்று தமிழில் எழுதுகிறீர்கள். இது சரியான சொல்தானா?
– ஆசிரியர் ஒருவர், ஆற்காடு

சொல் சரிதான், ஆனால் ஆளைப் பயமுறுத்துகிறது. இதன் ஆங்கிலப் பெயரான ‘டையூரெடிக்’ கிரேக்கத்திலிருந்து வந்தது. ‘ஊரோன்’ என்றால் சிறுநீர், ‘டையா’ என்றால் ஊடாக. ஒரு பாட்டி என்னிடம் சண்டைக்கே வந்துவிட்டார்: “ஒடம்பு பூரா நீர் சேந்துகீது, அத்தப் போயி இன்னும் பெருக்கச் சொல்றியே!” நான் சொன்னேன், “அந்தப் பெருக்கு இல்ல ஆயா, வூட்ட பெருக்குற பெருக்கு.” சிரித்துக்கொண்டே வாங்கிப் போனார். அகராதி என்னை மன்னிக்கட்டும். ‘நீர் பிரியும் மாத்திரை’ என்று நம் ஊரில் சொல்வது எனக்கு இன்னும் பிடிக்கும். ஜலகண்டேஸ்வரர் கோயில் கொண்ட ஊரில் நீரைப் பற்றி ஜனங்களுக்குத் தெரியாதா?

டாக்டர் நீர் மாத்திரை கொடுத்திருக்கிறார். சத்து போய்விடும் என்று பக்கத்து வீட்டில் தினமும் இளநீர் குடிக்கச் சொல்கிறார்கள். குடிக்கலாமா?
– வாசகி, காட்பாடி

அட்டையில் சின்ன எழுத்தில் என்ன இருக்கிறது என்று முதலில் பாருங்கள். வெறும் ‘செமைடு’ என்றால் உப்போடு பொட்டாசியமும் போகும். கெண்டைக்கால் இழுத்துப் பிடிப்பது சில சமயம் அதனால்தான். ‘ஸ்பைரோனோலாக்டோன்’ என்ற பெயர் தனியாகவோ, கூட்டு மாத்திரையிலோ இருந்தால் கதை நேர் எதிர். அது பொட்டாசியத்தைப் பிடித்து வைக்கும். கூட்டு மாத்திரை என்றால் பல கம்பெனிகள் வணிகப் பெயருக்குப் பின்னால் ‘பிளஸ்’ என்று போடுவார்கள், அந்த ஒரு சொல்லைக் கவனிக்காமல் விடாதீர்கள். இளநீரில் பொட்டாசியம் அதிகம். ஏற்கெனவே சிறுநீரகம் தளர்ந்தவருக்கு அது ஏறினால் இதயத் துடிப்பே தாறுமாறாகும். ‘சோடியம் குறைந்த உப்பு’ என்று விற்பதிலும் பொட்டாசியம்தான் சேர்த்திருப்பார்கள். டாக்டர் ஒரு ரத்தப் பரிசோதனை எழுதுவார், அதைப் பார்த்துவிட்டு இளநீரை வெட்டலாம். மூட்டு வலிக்கு டைக்லோஃபெனாக், ஐபுபுரூஃபென் என்று நீங்களாக வாங்கிப் போடாதீர்கள். நீர் மாத்திரையின் வேலையையும் கெடுக்கும், சிறுநீரகத்தையும் கெடுக்கும்.

பளுதூக்கும் போட்டிக்குப் பயிற்சி எடுக்கிறேன். எடைப் பிரிவுக்குள் வர ஒரு கிலோ குறைய வேண்டும். நீர் மாத்திரை போட்டால் ஒரே நாளில் குறையும் என்கிறார்கள்.
– கல்லூரி மாணவர், சத்துவாச்சாரி

குறையும். குறைவது தண்ணீரும் உப்பும்தான் தம்பி, கொழுப்பு இல்லை. வேலூர் வெயிலில் ஏற்கெனவே வியர்த்துக் கொட்டியவன் மேடையில் பாரத்தைத் தூக்கும்போது தசை பிடித்துக்கொள்ளும், தலை சுற்றும். அது போதாதென்று, உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையின் தடைப்பட்டியலில் இந்த வகை மருந்துகள் இருக்கின்றன. போட்டி நாளில் மட்டுமில்லை, எந்த நாளிலும் தடை. மற்ற மருந்துகளின் தடயத்தை மறைக்கும் என்பதுதான் காரணம். உன் பயிற்சியாளரிடம் சொல்லி மேல் பிரிவில் இறங்கு.

நெருஞ்சில், சிறுபீளைக் கஷாயத்தையும் நீர் மாத்திரையையும் சேர்த்துச் சாப்பிடலாமா?
– வாசகர், போளூர்

டாக்டருக்குத் தெரியாமல் வேண்டாம். இரண்டும் ஒரே பக்கம் இழுத்தால் எவ்வளவு இழுத்தது என்று யாராலும் கணக்குச் சொல்ல முடியாது. அதுவரைக்கும் சிறுபீளையைப் பொங்கலுக்குக் காப்புக் கட்ட வைத்துக்கொள்ளுங்கள்.