ரெட்டு ஓடுதா, ஒழுகுதா?

அண்ணா வணக்கமுங்க. திருப்பூர்ல ஒரு பனியன் கம்பெனில மெர்ச்சண்டைசரா இருக்கேனுங்க. போன வாரம் பையர் மெயில்ல 'தி ரெட் ரன்ஸ்'னு போட்டிருந்தாங்க. ரெட்டு நல்லா ஓடுதுன்னு நெனச்சு ஓனர்கிட்ட சொல்லிட்டேன், அவரும் இன்னொரு 300 கிலோ துணியை சாயத்துக்கு அனுப்பச் சொல்லிட்டாரு. அப்புறம் பாத்தா, சாயம் போகுதுன்னு கம்ப்ளெயிண்டாமா. இந்த ரன்னுக்கு எத்தனை அர்த்தந்தானுங்க இருக்குது?
— ஒரு வாசகர், அனுப்பர்பாளையம்

தம்பி,

சிரிச்சுட்டேன், கோவிச்சுக்காதீங்க. அந்த 300 கிலோ என்னாச்சுன்னு சொல்லவே இல்லையே.

எத்தனைன்னா, ஆக்ஸ்ஃபோர்டு அகராதிக்காரங்க எண்ணி வெச்சிருக்கறது 645, அதுவும் வினைச்சொல்லுக்கு மட்டும். 1989 பதிப்புல 'செட்'டுதான் 430 அர்த்தத்தோட முன்னால நின்னுச்சு, அப்புறம் ரன் வந்து முந்திருச்சு.

ஆனா உங்களை ஏமாத்துனது இங்கிலீஷ் இல்லீங்க, நம்ம 'ஓடுது'தான். தறி ஓடுது, பஸ் ஓடுது, படம் நூறு நாள் ஓடுது, இதெல்லாம் ரன்னோட அச்சா பொருந்தறதால மத்ததும் பொருந்தும்னு நெனச்சுட்டீங்க. சரக்கு ஓடறது நம்ம கடைவீதிப் பேச்சு, பையரா இருந்தா அதை 'செல்லிங்'னு, அதாவது விக்குதுன்னு எழுதியிருப்பாரு. கம்பெனியை அவங்க 'ரன்' பண்றாங்க, நாம நடத்தறோம், அவங்க ஓட விடறதை நாம நடக்க விடறோம். எலக்‌ஷன்ல அமெரிக்காக்காரன் ஓடறான், நம்மாளு நிக்கறாரு (இங்கிலாந்துலயும் நிக்கத்தான் செய்யறாங்க).

சாயத்துக்கு வருவோம். பழைய இங்கிலீஷ்ல 'ரின்னன்'னு ஒரு சொல்லு, ஆள் ஓடறதுக்கும் அதுதான், தண்ணி ஓடறதுக்கும் அதுதான். ஜெர்மன்ல 'ரின்னென்'னா இன்னிக்கும் தண்ணி வழியறது, கால் ஓட்டத்துக்கு 'ரென்னென்'னு தனியா வெச்சுக்கிட்டாங்க. மூக்கு ரன் ஆகறது, சாயம் ரன் ஆகறது எல்லாம் அந்தப் பழைய ஒழுக்குதான். சீஸ் செய்யறதுக்கு பாலைத் திரிய வைக்கற ரென்னட்டுங்கூட இதே குடும்பமுங்க, பால் ஓடி ஒண்ணாச் சேருதுன்னு அவங்க கணக்கு. உறைமோர் ஊத்திட்டு சட்டியை ஆட்டாதடான்னு சத்தம் போடற எங்க அமுச்சிகிட்ட இதைச் சொல்லியிருந்தா நம்பியிருக்காது.

உங்கூர்ல இதுக்கு 'ப்ளீடிங்'னுதான் பேச்சு, அதனாலதான் இத்தனை நாள் மாட்டாம இருந்திருக்கீங்க. இனிமே மெயில்ல ரன்னுனு கண்டா அகராதியத் தேட வேண்டாம், ஒரு வெள்ளைத் துணியை நனைச்சு அந்த ரெட்டு மேல நாலு தேய் தேயுங்க, அர்த்தம் வெள்ளைல வந்துரும்.