ராத்திரி ஷிஃப்டில் ஒரு டிராகுலா

கேள்வி: சென்ற இதழில் லுபிதா தோவர் என்ற மெக்சிகோ நடிகைக்கு ஒரு முழுப் பக்கம் கொடுத்திருந்தீர்கள். இங்கிலீஷ் 'டிராகுலா'வை ஸ்பானிஷில் காப்பியடித்த படத்தின் கதாநாயகி. தயாரிப்பாளரைக் கல்யாணம் செய்துகொண்டதால் வாய்ப்பு கிடைத்தது. அப்புறம் ஆளையே காணோம். இவருக்கு எதற்கு இத்தனை இடம்? (ஒரு வாசகர், கரூர்)

பதில்: கல்யாண விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். படம் வந்தது 1931-ல். தயாரிப்பாளர் பால் கோனரை அவர் மணந்தது 1932-ல். காதல் முன்பே இருந்ததே என்பீர்கள். இருந்தது. அவர் மெக்சிகோவுக்கே திரும்பிவிடுவாரோ என்ற பதைப்பில்தான் ஸ்பானிஷ் படங்கள் எடுக்கலாம் என்று யுனிவர்சல் என்ற ஹாலிவுட் படக் கம்பெனி முதலாளியிடம் கோனர் யோசனை சொன்னதாகக்கூட ஒரு கதை உண்டு. இருக்கட்டுமே. வாய்ப்பு வாங்கித் தரலாம், நடித்துமா தர முடியும்?

அடுத்தது, காப்பி. பேசும்படம் வந்த புதிதில் டப்பிங் இன்னும் கைவரவில்லை. அதனால் ஒரே கதையை வேற்று மொழி நடிகர்களை வைத்துத் திரும்பவும் எடுத்தார்கள். இங்கிலீஷ் டிராகுலாவான பெலா லுகோசியின் கோஷ்டி பகலில் நடித்துவிட்டு வீட்டுக்குப் போகும். ராத்திரி அதே செட்டில் ஸ்பானிஷ் கோஷ்டி இறங்கி விடிய விடிய வேலை பார்க்கும். நடிகர்கள் நிற்க வேண்டிய இடத்துக்குத் தரையில் போட்ட அடையாளம்கூடப் பகல் கோஷ்டியுடையதுதான். அதே இடத்தில் கால் வைத்து நடித்ததைப் பிற்காலத்தில் லுபிதாவே சொல்லியிருக்கிறார். இயக்குநர் ஜார்ஜ் மெல்ஃபோர்டுக்கோ ஸ்பானிஷ் தெரியாது!

இந்த நிலைமையில் எடுத்த படம் 104 நிமிடம் ஓடுகிறது. பகல் படம் 75 நிமிடம்தான். கோட்டைப் படிக்கட்டில் டிராகுலா முதன்முதலில் நிற்கும் இடத்தில், ஸ்பானிஷ் படத்தின் காமிரா படிகளுக்கு மேலாக எழும்பி அவரிடமே போகிறது. லுகோசிக்கு ஸ்பானிஷ் டிராகுலா கார்லோஸ் வில்லாரியாஸ் உறை போடக் காணாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கதாநாயகி விஷயத்தில் கணக்கு தலைகீழ். ஒரே வேடத்தில் பகல் நடிகை ஹெலன் சாண்ட்லர் காய்ச்சல்காரி மாதிரி வெளிறிப் போகிறார். லுபிதாவுக்கோ ரத்தம் போகப் போகத் தெம்பு கூடுகிறது. மொட்டைமாடியில் காதலனோடு உட்கார்ந்து பேசிக்கொண்டே இருப்பவர், கண் பளபளக்க அவன் கழுத்தை நோக்கிப் பாய்வதைப் பாருங்கள். அப்போது அவருக்கு வயது 20.

ஆளையே காணோமா? மறுவருடமே மெக்சிகோவில் 'சான்டா' வந்தது. அந்த நாட்டுப் பேசும்படச் சரித்திரத்தை அதிலிருந்துதான் தொடங்குவார்கள். ஒரு சிப்பாயிடம் ஏமாந்து விபசார விடுதிக்கு வந்து சேரும் கிராமத்துப் பெண்ணாக நடித்தவர் இதே லுபிதாதான். ஹாலிவுட்டிலோ டப்பிங்கும் சப்டைட்டிலும் வந்தபின் ஸ்பானிஷ் படக் கடையையே மூடிவிட்டார்கள். ஸ்பெயின்காரர், அர்ஜென்டினாக்காரர், மெக்சிகோக்காரர் என்று ஒரே வீட்டில் ஆளுக்கொரு உச்சரிப்பில் பேசியதும் ரசிகர்களுக்கு ரசிக்கவில்லை. கடை போனபின் அவருக்கு மிஞ்சியது கௌபாய் படங்களில் எல்லையோரத்துப் பெண் வேடம். 1945-ல் போதும் என்று நிறுத்திக்கொண்டார். அது அவருடைய திறமைக் குறைவா?

படமும் பாதி காணாமல் போக இருந்தது. யுனிவர்சலிடம் இருந்த பிரதியில் ஒரு ரீல் கெட்டுப்போக, கியூபாவின் ஹவானா ஆவணக் காப்பகத்துப் பிரதியைக் கொண்டுதான் முழுமையாக்கினார்கள். 2015-ல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அதைச் சேர்த்தபோது லுபிதா உயிரோடிருந்தார். மறுவருடம் 106 வயதில் காலமானார்.

நீங்கள் படத்தைப் பார்க்கவில்லை என்பது கேள்வியிலேயே தெரிகிறது. முழுதாகப் பார்க்கப் பொழுதில்லையென்றால் அந்த மொட்டைமாடிக் காட்சியையாவது பார்த்துவிட்டு எழுதுங்கள். அடுத்த இதழிலும் இடம் ஒதுக்குகிறேன்.